அக்கா கேட்டு வாங்கிய இடம்

நான் மெதுவாக ஓடுகிறவன். இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஏனென்றால் எழுபதுகளில் சிட்னியில் என் ஆட்டத்தைப் பார்த்த பலருக்கு இது தெரியவே இல்லை. யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூட அணியில் என்னைத் 'தேர்' என்றுதான் கூப்பிடுவார்கள். நான் அசைவதற்குள் மற்றவர்கள் வீதியைச் சுற்றி வந்துவிடுவார்கள் என்று பகிடி. ஆனால் பந்து என் காலுக்கு வந்தால், யார் எங்கே நிற்கிறான், அடுத்ததாக எங்கே போவான் என்பது எனக்குத் தெரியும். நடுவில் நின்று பந்தைப் பிரித்துக் கொடுப்பதுதான் என் வேலை. நான் நடுக்கள ஆட்டக்காரன். அதைத் தவிர மைதானத்தில் எனக்கு வேறு எதுவும் வராது.

அப்பா லண்டனில் படித்துக்கொண்டிருந்தபோது நான் அங்கே பிறந்தேன். அதனால் பிரித்தானியக் குடியுரிமை. வளர்ந்தது யாழ்ப்பாணத்தில். இருபது வயதில், சிட்னியில் டொக்டராக இருந்த அக்காவின் வீட்டுக்கு, வென்ட்வேர்த்வில்லுக்கு வந்து சேர்ந்தேன். பிறகு அவுஸ்திரேலியக் குடியுரிமையும் எடுத்தேன். தேசிய அணிக்கு என்றைக்காவது தெரிவானால் தேவைப்படும் என்று ஓர் ஆசை. ஆக, மேசை லாச்சிக்குள் இரண்டு கடவுச்சீட்டுகள். ஆனால் "நீ எந்த நாடு?" என்று கேட்பவர்களிடம் அந்த இரண்டில் எதைச் சொன்னாலும், "அது சரி, உண்மையில் எந்த நாடு?" என்று திரும்பவும் கேட்பார்கள். இலங்கை என்று சொன்ன பிறகுதான் ஆளுக்கு நிம்மதி. எனக்கு மூக்குக்கு மேலே கோபம் வரும்.

அந்தக் காலத்தில் அங்கே உதைபந்தாட்டம் குடிவந்தவர்களின் விளையாட்டு. என்னை ஒப்பந்தம் செய்த கழகமும் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்தவர்கள் தொடங்கியதுதான். மைதானத்து வாசலில் புகையில் வாட்டிய இறைச்சி மணக்கும். வேலிக்கு அப்பால் நிற்கும் கிழவர்கள் எனக்குப் புரியாத பாஷையில் என்னைத் திட்டுவார்கள். வார நாட்களில் எனக்கு பிஸ்கட் பக்டரியில் வேலை, பின்னேரம் பயிற்சி, ஞாயிற்றுக்கிழமை ஆட்டம். ஆனாலும் ஒப்பந்தத்தில் 'தொழில்முறை ஆட்டக்காரர்' என்றுதான் எழுதியிருந்தது. அதில் எனக்குப் பெரிய புளுகம், பெருமை.

பயிற்சியாளரும் அவர்களின் நாட்டுக்காரர்தான். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு கப்பலேறி வந்தவர், கட்டையான ஆள், தொண்டை கிழியக் கத்துவார். முதல் நாள் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "வலது விங்," என்றார். விங் என்றால் கோட்டோரமாக ஓடுகிற வேலை. பந்தை எதிராளிக்குப் பின்னால் தட்டிவிட்டு, அவனை முந்தி ஓட வேண்டும். நான் யாரை முந்துவது? மூன்று ஆட்டப் பருவங்கள் அந்தக் கோட்டோரத்தில் மூச்சு வாங்கினேன். நான் நடுவில் ஆடுகிறவன் என்று மூன்று தடவை அவரிடம் சொன்னேன். ஒவ்வொரு தடவையும் தோளில் தட்டி, "நீ வேகமானவன், உனக்கே அது தெரியவில்லை," என்பார்.

மூன்றாவது பருவத்தின் கடைசியில் தோளில் தட்டுவதும் நின்றுவிட்டது. கூப்பிட்டு, "உன் வேகம் எங்கேயோ போய்விட்டது. வருகிற ஞாயிறு ஆட்டத்தைப் பார்ப்பேன். பிறகு ஒப்பந்தத்தைப் பற்றி முடிவு," என்றார். இல்லாத வேகம் எங்கே போகும்? அந்தக் கழகம் விட்டால் வேறு எந்தக் கழகமும் ஓட முடியாத விங்கரை எடுக்காது. பிஸ்கட் பக்டரிதான் மிச்சம். அந்தக் கிழமை முழுவதும் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

அதைக் கவனித்துவிட்டுத்தான் அக்கா அந்த ஞாயிறு மைதானத்துக்கு வந்தார். அதுவரை ஓர் ஆட்டமும் பார்த்ததில்லை. நல்ல சேலை, கையில் பிளாஸ்க், பக்கத்தில் எதற்கும் வாய் திறக்காத அத்தான். கத்துகிற கிழவர்களுக்கு நடுவில், மர வாங்கின் நுனியில், கல்யாண வீட்டுக்கு வந்தவர் மாதிரி இருந்தார்.

முதல் பாதி வழக்கம் போலப் போனது. இரண்டு தடவை பந்து வந்தது, இரண்டு தடவையும் எதிராளி என்னை முந்திவிட்டான். எங்களுக்கு எதிராக ஒரு கோல் விழுந்தது. இடைவேளையில் தலையைக் குனிந்துகொண்டு வேலியோரம் தண்ணீர் குடித்தேன். அக்கா படியிறங்கி வேலிக்கு அந்தப் பக்கம் வந்து நின்றார்.

"உன்னை ஏன்ரா அந்தக் கரையிலை தனிய விட்டிருக்கினம்?"

"அதுதான் விங், அக்கா. அங்கைதான் நிக்க வேணும்."

"நடுவிலை நிண்டு விளையாடுற பெடியன் நீ. கேட்கேல்லையோ?"

"கேட்டனான். என்னைப் பார்த்தா ஓடுற ஆள் மாதிரித் தெரியுதாம்."

"நீயோ?" என்று அக்கா சிரித்துவிட்டார். "உன்னைவிடக் கோயில் மாடு கெதியா ஓடும்."

பிறகு சிரிப்பு நின்றது. என் கறுத்த தோலைப் பார்த்தார். என் பின்னால் நின்ற வெள்ளைக்காரப் பெடியன்களைப் பார்த்தார். எங்கள் ஊரில் யாரை எங்கே இருத்துகிறார்கள், யாரை வாசலோடு நிறுத்துகிறார்கள் என்று பார்த்தே வளர்ந்தவர்கள் நாங்கள். அப்படி நிறுத்தியவர்களும் நாங்கள்தான். அந்தக் கண்ணுக்கு விளையாட்டு விதி தெரியத் தேவையில்லை. இங்கே ஆஸ்பத்திரியிலும், வெள்ளைக் கோட்டோடு நிற்கும் அக்காவிடம் படுக்கை விரிப்பை மாற்றச் சொன்ன நோயாளிகள் இருந்தார்கள்.

"உவரோடை நான் கதைக்கிறன்," என்றார்.

"ஐயோ அக்கா, வேண்டாம். போய் இருங்கோ."

அக்கா அதற்குள் வேலிக் கதவைத் திறந்துகொண்டு உள்ளே வந்துவிட்டார். பயிற்சியாளர் மற்றவர்களைத் திட்டிக்கொண்டிருந்தார். சேலையைக் கண்டதும் திட்டு பாதியில் நின்றது.

"நான் இவருடைய அக்கா," என்று ஆங்கிலத்தில், ஆஸ்பத்திரியில் நோயாளியிடம் விசாரிக்கிற அதே குரலில் தொடங்கினார். "விளையாட்டுப் பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது. ஒரே ஒரு கேள்வி. என் தம்பி வேகமாக ஓடியதை நீங்கள் எப்போதாவது கண்டிருக்கிறீர்களா?"

"அவன் வேகமானவன்," என்றார் அவர்.

"கண்டிருக்கிறீர்களா என்று கேட்டேன்."

அவர் என் கால்களைப் பார்த்தார்.

"காணவில்லை என்றால், எதைப் பார்த்து அப்படி முடிவு செய்தீர்கள்?"

தோடம்பழச் சுளை சப்பிக்கொண்டிருந்த கோல் காப்பாளர் சப்புவதை நிறுத்தினார். பயிற்சியாளரின் கழுத்து முதலில் சிவந்தது, பிறகு முகம், பிறகு காது. அக்கா நன்றி சொல்லிவிட்டுத் திரும்பிப் போய்விட்டார். எனக்குப் பூமி பிளந்து உள்ளே போனால் தேவலை என்றிருந்தது. ஒப்பந்தம் போனது போனதுதான் என்று நினைத்தேன்.

நடுவர் ஊதினார். பயிற்சியாளர் என் முகத்தைப் பார்க்காமல், நடுவில் நின்ற பொன்னிறத் தலைமுடிக்காரனைக் காட்டி, "இரண்டு பேரும் இடம் மாறுங்கள்," என்றார்.

அந்த நாற்பத்தைந்து நிமிடத்தை நான் இன்றைக்கும் நிமிடம் நிமிடமாகச் சொல்வேன். முதல் பந்து வந்தது. பார்க்காமலே இடப்பக்கம் தள்ளினேன், அங்கே ஆள் இருந்தான். இரண்டாவது பந்தைக் காலடியில் நிறுத்தி, மூன்று பேரை என்னிடம் வரவிட்டு, அவர்கள் விட்டுவிட்டு வந்த இடத்துக்கு அனுப்பினேன். பொன்முடிக்காரன் உண்மையிலேயே குதிரை. பாவம், அவனும் மூன்று பருவங்கள் நடுவில் அடைந்து கிடந்தவன். கோட்டோரத்தில் நான் போட்ட பந்தைத் துரத்திப் பிடித்து, கோலடித்துவிட்டு, ஓடி வந்து என்னைத் தூக்கினான். இரண்டாவது கோலும் அப்படியே. மூன்றாவது என்னுடையது. நான் ஓடவே இல்லை. பந்து எங்கே வந்து விழும் என்று தெரிந்த இடத்தில் போய் நின்றேன், வந்தது, அடித்தேன். வேலியோரத்துக் கிழவர்கள் கத்தினார்கள். இந்த முறை அது திட்டு இல்லை என்பது பாஷை தெரியாமலே விளங்கியது. அக்கா மட்டும், எதிரணி நன்றாக விளையாடியபோதும் மரியாதையாகக் கை தட்டிக்கொண்டிருந்தார்.

அதற்குப் பிறகு பல பருவங்கள் தொழில்முறை ஆட்டக்காரனாகவே ஆடினேன். பக்டரியை விட்டேன். மாநில அணிக்குத் தெரிவானேன். சிட்னியில் எங்களை எதிர்த்து ஆட வந்த இங்கிலாந்துக் கழகத்தை வென்றோம். ஆட்டம் முடிந்ததும் அவர்களுடைய ஆள் ஒருவர் நான் எங்கே பிறந்தவன் என்று கேட்டார். லண்டன் என்றேன். அந்த ஒரு முறை அந்தக் கேள்வி எனக்கு இனித்தது. தேசிய அணி கடைசி வரை கிடைக்கவில்லை, பரவாயில்லை. ஆடிய ஒவ்வொரு ஆட்டமும் எனக்குத் தெரிந்த வேலையாக இருந்தது.

ஆனால் எல்லாவற்றையும் விட எனக்குப் பெரியது அந்த ஞாயிறு பின்னேரம்தான். எல்லோரும் போன பிறகு பயிற்சியாளர் உடைமாற்றும் அறைக்குள் வந்து என் பக்கத்தில் வாங்கில் உட்கார்ந்தார். முதன்முறையாக மெதுவாகப் பேசினார்.

"நான் வாய் திறந்தவுடனே என் உச்சரிப்பைக் கேட்டு, நான் முட்டாள் என்று இந்த ஊரில் முடிவு கட்டிவிடுவார்கள். இருபது வருடமாக அதற்குக் கோபப்படுகிறேன்." தொப்பியைக் கழற்றி மடியில் வைத்தார். "நீ மூன்று தடவையும் என்னிடம் உன் இடத்தைப் பற்றிச் சொன்னாய். உன் அக்கா என்னைப் பற்றிக் கேட்டாள்."

கையை நீட்டினார். நான் உடனே கொடுக்கவில்லை. மூன்று பருவங்கள் அந்தக் கோட்டோரத்தில் ஓடியவன் நான்.

"வருகிற ஞாயிறு எங்கே?" என்று கேட்டேன்.

"நடுவில்," என்றார்.

அதற்குப் பிறகுதான் கையைக் கொடுத்தேன்.