கேசட் முடிந்த இடம்

அமெரிக்காவின் ஃபிரிஸ்கோவில் மகனை ஸ்கூலில் இருந்து கூட்டி வரும்போது, கார் ரேடியோவில் ஓர் இங்கிலாந்துக்காரரின் பழைய ராக் பாட்டு வந்தது. கை தானாகவே வால்யூமைக் கூட்டியது.

நான் சின்னவளாக இருந்தபோது கீழக்கரையில் என் காக்கா, அதாவது அண்ணன், அதைக் கூட்டாளியிடமிருந்து கேசட்டில் பதிந்து வந்திருந்தார். கித்தார் உச்சத்துக்கு ஏறும்போது டேப் தீர்ந்து, பட்டன் ‘டக்’கென்று எழும்பிவிடும். மிச்சத்தைக் காக்காவே இரும்பு பீரோவில் தாளம் போட்டுப் பாடுவார். நிஜமான முடிவு அவருக்குத் தெரியாது. சொந்தமாகக் கட்டியதுதான்.

“பள்ளிவாசல்ல பாங்கு சொல்றாஹ, நிப்பாட்டு வாப்பா!” என்று உம்மா அடுப்படியிலிருந்து அவரை அதட்டுவார்.

காக்கா துபாய்க்குப் போனார். அங்கேயே மௌத், அங்கேயே அடக்கம். அதற்குப் பிறகு அந்தப் பாட்டை முழுசாகத் தேடிக் கேட்க எனக்கு மனசு வரவில்லை.

இப்போது அந்த இடம் வந்தது. ‘டக்’ வரவில்லை. பாட்டு நிற்காமல் ஓடியது. என்னால் தாங்க முடியவில்லை. ரேடியோவை அணைத்துவிட்டு, ஸ்டியரிங்கில் தாளம் போட்டு மிச்சத்தை நானே பாடினேன்.

“உம்மா, அது அப்படி முடியாது,” என்றான் மகன் இங்கிலீஷில். யூடியூபில் கேட்டிருப்பான்.

“எங்க வீட்டுல இது இப்படித்தான் வாப்பா முடியும்.”