பித்தளை வில்லை

எழுபதுகளின் தொடக்கத்தில் மயிலாப்பூரில் நாங்கள் ஒரு சமாதானக் கமிட்டி வைத்திருந்தோம். பதினோரு பேர், நான் செயலாளர். எங்களில் ஒருவராவது ஒரு சண்டையை விலக்கிவிட்டதை நான் பார்த்ததில்லை. என்னையும் சேர்த்துத்தான் சொல்கிறேன்.

சாந்தோம் கடற்கரையில் இரண்டு குப்பங்கள் வலை அறுந்த தகராறில் அடித்துக்கொண்டன. போலீசார் எங்களைக் கூப்பிட்டு ஆளுக்கொரு பித்தளை வில்லை கொடுத்தார்கள். அதைக் குத்திக்கொண்டவரைத் தடுப்பு தாண்டிக் குப்பத்துக்குள் விடுவார்கள். எங்கள் தலைவர் ஓய்வுபெற்ற பெரிய அதிகாரி. வில்லையைச் சட்டையில் குத்திக்கொண்டு கோயிலுக்குப் போனார், கச்சேரிக்குப் போனார். குப்பத்துக்கு மட்டும் போகவில்லை. மீன் நாற்றம் அவருக்கு ஆகாதாம்.

முதல் சமாதானக் கூட்டத்தை அந்த இரண்டில் ஒரு குப்பத்துப் படகுக்காரர் வீட்டு மாடியிலேயே வைத்தோம். அவர் தந்த போண்டாவையும் காபியையும் ஒரு கை பார்த்தோம். எதிர்த் தரப்பில் ஓர் ஈ காக்கைகூட வரவில்லை. ஒத்துழைப்பு போதாது என்று அறிக்கையில் எழுதினேன். அவ்வளவுதான் எங்கள் மூளை.

உண்மையில் சமாதானம் பேசியவர் மீன் விற்கும் ஓர் அம்மாள். இரண்டிலும் சேராத மூன்றாவது குப்பத்துக்காரர். ஒரு பக்கம் சொன்னதைக் கூட்டாமல் குறைக்காமல் மறுபக்கம் கொண்டுபோவார். தகராறு தீரும்வரை எந்தத் தரப்பு வீட்டிலும் உட்காரமாட்டார், ஒரு வாய் தண்ணீர் குடிக்கமாட்டார். அது அவர் தொழில் சுத்தம்.

அவர் ஒருநாள் கமிட்டிக்கு வந்து வாசலிலேயே நின்றார். "போலீஸ்காரங்க லத்திய ஓங்கிக்கினு தொரத்துறாங்க சார். எனக்கும் ஒரு வில்லை குடுங்க, போய் வந்துக்கினு இருப்பேன்" என்றார்.

அமைதிப் பணிக்கு ஒரு தரம் வேண்டாமா என்றார் தலைவர். அன்றே தகுதி விதிகள் பிறந்தன: பள்ளியிறுதித் தேர்ச்சி, சொந்த வீடு, கையெழுத்துப் போடத் தெரிந்திருத்தல். இந்த விதிகளில் சண்டையைத் தீர்க்கத் தெரிந்திருக்க வேண்டும் என்று மட்டும் இல்லை. மூன்று பிரதிகள் தட்டச்சு செய்தவன் நான். அந்த அம்மாளுக்குத் தகுதியில்லை என்று சொல்லி அனுப்பியவனும் நான்.

அடுத்த வாரம் மறுபடி கல்வீச்சு. தடுப்பில் ஒரு போலீஸ்காரர் அந்த அம்மாளிடம் வில்லை எங்கே என்று கேட்டார். இல்லை என்றதும் லத்தி விழுந்து வலது மணிக்கட்டு முறிந்தது. அவர் கையைத் துணியால் கட்டிக்கொண்டு, அலையோரமாகச் சுற்றிப் போய் இரண்டே நாளில் பேசி முடித்தார். நாங்கள் பதினோரு பேரும் வில்லையோடு வீட்டில் பத்திரமாக இருந்தோம்.

தி. நகரில் ஒரு மண்டபத்தில் எங்களுக்குப் பாராட்டு விழா நடந்தது. எனக்குச் சந்தன மாலையும், அயராத அமைதிப் பணிக்காக ஒரு பாராட்டுப் பத்திரமும் கிடைத்தன. வெட்கமில்லாமல் வாங்கிக்கொண்டேன்.

வெட்கம் பிறகுதான் வந்தது. அந்த அம்மாளை வீட்டுக்கு வரச் சொல்லி என் வில்லையை நீட்டினேன். அவர் வாங்கவில்லை, உட்காரவும் இல்லை. என் மனைவி சொம்பில் தண்ணீர் கொண்டுவந்தாள். கூச்சப்படுகிறார் என்று நினைத்து இன்னொரு முறையும் குடிக்கச் சொன்னாள்.

"வேணாம்மா" என்றார் அவர். பிறகு என்னைப் பார்த்து, "உங்களுக்கும் எனக்கும் இன்னும் தீரல சார். எனக்கு தகுதி இல்லன்னு ஒரு காயிதம் எளுதினீங்களே, அத்த கிழிச்சிட்டு கூப்புடுங்க. வந்து குடிக்கிறேன்" என்றார்.

அந்த விதிகளின் மூன்று பிரதிகளும் என் அலமாரியில்தான் இருந்தன. தலைவர் என்ன சொல்வாரோ என்று யோசித்தேன். பிறகு நான் அந்த அம்மாளைக் கூப்பிடவே இல்லை.