கெட்டிமேளம் சொன்னவர்

கண்டியில் ஊமைப்படக் கொட்டகையில் திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்ல ஒருவர் இருந்தார். ஒடிசலான உடம்பு, எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை. அன்று காதல் படம். பண்ணைக்காரன் தன் மகளைத் தேடி வேலி தாண்டிய வாலிபனைத் தடியோடு துரத்தினான். இவரும் காலை இழுத்து இழுத்து ஓடிக் காட்டினார். கொட்டகையே சிரித்தது.

வெளியே வந்தபோதும் அவர் காலை இழுத்தே நடந்தார்.

"இன்னும் நடிக்கிறீங்களே, அண்ணே?" என்று கேட்டேன்.

"நடிப்பு இல்ல தம்பி. ஹேவாஹெட்டத் தேயிலைத் தோட்டத்துல எங்கள வேல வாங்குற கங்காணி மக மேல ஆசப்பட்டேன். படத்துல அப்பன் தொரத்துவான், புடிக்க மாட்டான். எங்க கங்காணி புடிச்சிட்டாரு."

"அந்தப் பொண்ணு?"

"படத்துல கட்டிக்குவாங்க. அதையும் நான்தானே சொல்லணும்."

அடுத்த ஆட்டத்துக்கு உள்ளே போனார். நான் வாசலிலேயே நின்றேன். துரத்தல் சிரிப்பு அடங்கிச் சற்று நேரத்தில், "கெட்டிமேளம்! கெட்டிமேளம்!" என்ற அவர் குரல் தெருவரை கேட்டது. பெண்ணைப் பெற்றவன்கூட அவ்வளவு உற்சாகமாகக் கத்தமாட்டான்.