சூளை ஆறும் மாதம்

பரணைச் சுத்தம் செய்தபோது சணல் கயிற்றில் கோத்த ஐந்து பீங்கான் துண்டுகள் கையில் சிக்கின. எல்லாம் விருத்தாசலத்தில் அப்பா வேலை பார்த்த பீங்கான் யூனிட்டில் கழித்துப் போட்டவை. கரண்ட் கம்பத்துக்காகச் செய்கிற, நடுவில் ஓட்டை உள்ள வெள்ளைத் துண்டுகள். ஒன்று கோணல், இன்னொன்றில் பளபளப்பே ஏறவில்லை. பார்ப்பவர்கள் குப்பை என்றுதான் சொல்வார்கள். ஆனால் அது ஒரு நாட்டின் காலண்டர். அந்த நாட்டைப் படைத்தவன் என் தம்பி. அப்போது மூன்றாம் வகுப்பு. வாய்ப்பாடு சொல்லச் சொன்னால் ஒன்றுக்கு வருகிறது என்று எழுந்து போய்விடுவான். இன்று கோயம்புத்தூரில் ஒரு கம்பெனியில் உட்கார்ந்துகொண்டு, யாருக்கு லீவு கொடுக்கலாம், யாருக்குக் கூடாது என்று முடிவு செய்கிறான்.

அவனுடைய நாட்டில் சூரியன் கிடையாது. ஊர் நடுவில் ஒரு பெரிய சூளை. அது எரிந்தால் பகல், அணைந்தால் இரவு. சூளையை ஒரு தடவை ஏற்றி இறக்கினால் ஒரு வருஷம்; அதில் ஐந்து மாதம், மாதத்துக்கு ஒரு துண்டு. மக்கள் எல்லோரும் பீங்கான். மண் மாதத்தில் அவர்கள் கொழகொழவென்று இருப்பார்களாம். அந்த மாதத்தில் யாரும் யாரையும் அடிக்கக் கூடாது, விரல் தடம் அப்படியே நின்றுவிடும். நான் அவன் முதுகில் ஒன்று வைத்த அன்றைக்குத்தான் இந்தச் சட்டம் வந்தது. அச்சு மாதத்தில் பள்ளிக்கூடம். கண்ணை மூடித் திறப்பதற்குள் முடிந்துவிடுகிற மாதம் அது. காயும் மாதத்தில் குளிக்க வேண்டாம். நெருப்பு மாதம் முழுக்கத் தீபாவளி. கடைசியில் சூளை ஆறும் மாதம். எந்த மாதம் நடக்கிறதோ அந்தத் துண்டில் சிவப்பு நூல் ஒன்றைக் கட்டிவைப்பான்.

ஆறும் மாதத்துக்கு எத்தனை நாள் வைப்பது என்று மட்டும் அவனுக்குப் பிடிபடவில்லை. சூளையில் வேலை செய்கிற அப்பாவைக் கேட்டான்.

"அத எப்பிடிடா நாம சொல்றது? கதவுல கைய வெச்சிப் பாக்கணும். சூடு இருக்குதுன்னா சும்மா வுட்டுடணும். அதுவா ஆறும்," என்றார் அப்பா.

ஒரு தடவை நவராத்திரிக்கு முன்னால், சரக்கு போக வேண்டும் என்று முதலாளி பறந்ததில் சூளையைச் சூட்டோடு திறந்துவிட்டார்களாம். வெளிக்காற்று பட்டதும் கொலு பொம்மைகள் டிங், டிங் என்று ஒவ்வொன்றாக விரிசல் விட்டதை அப்பா நடித்தே காட்டுவார். அதனால் தம்பி அந்த மாதத்துக்கு நாள் கணக்கே வைக்கவில்லை.

அந்த வருஷம்தான் அம்மா காய்ச்சலில் போனாள். நன்றாக இருந்தவள்; ஆஸ்பத்திரிக்குப் போன வேகத்தில் திரும்பி வந்தாள், உயிரில்லாமல். கருமாதி முடிந்து உறவுக்காரர்கள் பஸ் ஏறினார்கள். அப்பாவின் அக்கா, திட்டக்குடி அத்தை, மட்டும் எங்களுக்குச் சோறாக்கிப் போடத் தங்கினார். நான் பள்ளிக்கூடம் போக ஆரம்பித்தேன். அப்பாவும் வேலைக்குப் போனார். தம்பி போகவில்லை. அழவும் இல்லை. சுவரைப் பார்த்துப் படுத்தபடி, "எங்க ஊர்ல ஆறுற மாசம்," என்றான்.

அத்தைக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அப்பாவைப் பிடித்துக்கொண்டார். "ஸ்கூல்ல பேர எடுத்துடுவாங்கன்னு டீச்சரு சொல்லி வுட்டுருக்காங்க. நீ வேலைக்குப் போயிடற, இவன யாரு பாக்கறது? நான் திட்டக்குடிக்கே இட்டுக்கினு போயி அங்க சேத்துடறேன்."

அம்மா போன வீட்டில் அவனும் இல்லாமல் நான் எப்படி இருப்பது? அப்பா மறுநாள் காலையில் வேலைக்குக் கிளம்பும்போது தம்பி பக்கத்தில் குந்தி, அவன் முதுகில் புறங்கையை வைத்துப் பார்த்தார். சூளைக் கதவை அப்படித்தான் பார்ப்பார்கள். "சூடு இருக்குது. இன்னிக்கி வேணாம்," என்று சொல்லிவிட்டுப் போனார். அதற்கடுத்த நாளும் அப்படியே. அத்தை தலையில் அடித்துக்கொண்டார். "அப்பனுக்கும் புள்ளைக்கும் சேத்து மந்திரிக்கணும் போல இருக்குது!" எனக்கும் அது பைத்தியக்காரத்தனமாகத்தான் பட்டது. ஆனாலும் காலையில் அப்பா கை வைக்கும்போது மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்பேன்.

பொறுத்துப் பொறுத்துப் பார்த்த அத்தை ஒரு திங்கட்கிழமை பையைக் கட்டிவிட்டார். தம்பியின் சட்டைகளும் அதில்தான் இருந்தன. அப்பா வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தார். அப்போது தம்பி பின்பக்கமிருந்து வந்தான். தானே குளித்து, பட்டன் மாற்றிப் போட்ட யூனிபார்மில், தலையில் எண்ணெய் வழிய நின்றான்.

"ஆறிடுச்சிப்பா. தொட்டுப் பாரு."

அப்பா புறங்கையை வைத்துப் பார்த்தார். "ஆமாண்டா, ஆறிடுச்சி," என்றார். இவன் சும்மா போயிருக்கலாம். அப்பாவுக்குப் பின்னால் போய், அவர் செய்தது போலவே தன் சின்னப் புறங்கையை அவர் முதுகில் வைத்தான். கொஞ்ச நேரம் எடுக்கவே இல்லை.

"ஒனக்கு இன்னும் கொதிக்குதுப்பா. நீ ஏன் வேலைக்குப் போற?"

அப்பா அப்படியே வாசற்படியில் உட்கார்ந்துவிட்டார். அம்மாவைத் தூக்கிக்கொண்டு போனபோதுகூட அழாத மனிதர், தெருவே பார்க்க வாய்விட்டு அழுதார். எங்கள் எல்லோருக்கும் காவலாக நின்றவரை யாருமே தொட்டுப் பார்க்கவில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. நானும் அவரைக் கட்டிக்கொண்டு அழுதேன்.

அத்தை பையை அவிழ்த்துத் தம்பியின் சட்டைகளை எடுத்துத் திரும்பக் கொடியில் போட்டார். பிறகு அவன் பட்டனைச் சரியாகப் போட்டுவிட்டார். நாங்கள் இரண்டு பேரும் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பும் நேரத்தில், ஆள் இன்னும் வரவில்லையே என்று யூனிட்டிலிருந்து ஒருவர் சைக்கிளில் வந்து நின்றார். அப்பா எழுந்திருக்கப் பார்த்தார். அத்தை அவர் தோளை அழுத்தி உட்கார வைத்துவிட்டுத் தெருவுக்குப் போனார்.

"அவன் இன்னும் ஆறலைங்க," என்றார். "ஆறுனா அவனே வருவான். நீங்க போயிட்டு வாங்க."