எடுத்துக் கொடுக்காத வசனம்

நாடகக் கம்பெனியில் நான் பிராம்ப்டர். மேடையோரம் சைடு விங்கில் மறைந்து நின்று, நடிகர் மறந்துவிட்ட வசனத்தை மெல்ல எடுத்துக் கொடுக்க வேண்டும். கைதட்டல் அவர்களுக்கு, ஏச்சு எனக்கு.

அந்தக் குற்றாலம் சீசனுக்குத் தென்காசியில் கொட்டகை போட்டிருந்தோம். ஊரே படித்து அழுத ஒரு காதல் நாவலை நாடகமாக்கியிருந்தார் கம்பெனியை நடத்திய காண்ட்ராக்டர். கடைசி சீனில் காதலி இறந்து கிடப்பாள். காதலன் ஒரு பக்க வசனம் பேசிப் புலம்புவான். காதலன் ராமையா, காதலி செண்பகம். நிஜத்தில் புருஷன் பெண்டாட்டி.

அந்த வருஷம்தான் அவர்களுடைய கைக்குழந்தை காய்ச்சலில் போயிருந்தது. அன்று மேக்கப் போட்டுக்கொண்டே செண்பகம் என்னிடம் சொன்னாள்.

“அண்ணாச்சி, நாளைக்குப் புளியறைக்கு, எங்க அம்மை வீட்டுக்குப் போறேன். இனி வரமாட்டேன்.”

“ஏன் தாயி?”

“பெத்த பிள்ளையப் புதைக்கையில ஒரு சொட்டு கண்ணீர் விடல. மறுநா மேடையில, கதையில வாற எவளோ ஒருத்திக்காகக் கதறுதாரு. இந்த மனுசன்கூட எப்படி இருக்க?”

நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். அவள் பெட்டி கட்டியதை ராமையாவும் பார்த்திருந்தார்; காரணமும் அவருக்குத் தெரியும்.

கடைசி சீன். கண்மூடிக் கிடந்த செண்பகத்தின் பக்கத்தில் ராமையா உட்கார்ந்தார். பேச்சு வரவில்லை. முதல் வார்த்தையை எடுத்துக் கொடுத்தேன். அவர் காதில் வாங்கவே இல்லை. பிறகு மெதுவாகத் தொடங்கினார்.

“ஏட்டி, பிள்ளையக் குழியில வைக்கையில எனக்கு அழுக வரல. நெஞ்சு அடைச்சிப்போச்சு. மறுநா மேடையில அழுதேன்லா, அது பூராவும் நம்ம பிள்ளைக்குத்தான்.”

முன்பெஞ்சில் ஒருவர், “கதையில பிள்ளையே கிடையாதேவே” என்றார். காண்ட்ராக்டர் என் பின்னால் வந்து பல்லைக் கடித்தார்.

“என்னவே பாத்துக்கிட்டு நிக்கீரு? எடுத்துக் குடும்.”

நான் வாயைத் திறக்கவில்லை. மறந்தவருக்குத்தான் எடுத்துக் கொடுக்க வேண்டும். ராமையா எதையும் மறக்கவில்லை. இந்த வேலையில் நான் கற்றுக்கொண்டது அவ்வளவுதான்.

இறந்து கிடந்த காதலியின் கண்ணோரம் நீர் வழிந்தது. கை நகர்ந்து அவர் கையைப் பிடித்தது. படுதாவை நானே இழுத்துவிட்டேன்.

காண்ட்ராக்டர் மேடைக்கு ஓடிவந்தார். “செத்தவ கைய அசைக்கலாமா தாயி? நாவல் படிச்சவன் சிரிக்க மாட்டானா?”

செண்பகம் புருஷன் கையை விடாமலே சொன்னாள்.

“நாளைக்கு ஒழுங்காச் சாவுதேன் அண்ணாச்சி.”