ஒரு தடவைக்கு ஒரு குறை

நீதிமன்றத்தில் மனுக்களைச் சரிபார்க்கும் ஜன்னலுக்குப் பின்னால் இருபத்தாறு வருஷமாக உட்கார்ந்திருந்தவருக்கு வக்கீல் குமாஸ்தாக்கள் வைத்த பெயர் ‘சிவப்பு மை’. நேரில் சார், முதுகைத் திருப்பினால் வசவு. திட்டாமல் கொஞ்சுவார்களா? ஒரு மனுவில் ஐந்து குறை இருந்தால், ஐந்தையும் ஒரே நாளில் எழுதித் தொலைக்க மாட்டார். இன்றைக்குப் பக்க எண் இல்லை என்று திருப்புவார். எண் போட்டுக் கொண்டுபோனால், கையெழுத்து இல்லை என்பார். மொத்தமாகச் சொல்லிவிட்டால் மறுபடி யார் வந்து கும்பிடுவார்கள்? அந்தக் கும்பிடில்தான் மனுஷனுக்கு உயிரே இருந்தது.

போன வருஷம் அவருடைய மகளே மனு போட வேண்டி வந்தது. பிரிந்துபோன கணவன் நான்கு வயதுப் பெண்குழந்தையைத் தூக்கிப் போய் வைத்துக்கொண்டு, வெளிநாட்டுக்குக் கிளம்பத் தயாராகிக்கொண்டிருந்தான். அதற்குத் தடை கேட்ட மனு அப்பாவின் ஜன்னலுக்கே வந்தது. சலுகை காட்டினார் என்று யாரும் நாக்குமேல் பல்லைப் போட்டுப் பேசிவிடக் கூடாதாம்! பக்க எண் இல்லை என்று திருப்பினார். திரும்ப வந்தபோது, பிறப்புச் சான்றிதழின் நகல் மங்கலாக இருக்கிறது, தட்டச்சுப் பிரதி வேண்டும் என்று திருப்பினார். முதல் நாளே அது அவர் கண்ணில் பட்டதுதான்.

அந்த வாரம் பார்த்து நீதிபதி ஓர் உத்தரவு போட்டார். பத்து நாளில் குறை தீர்க்காத மனுக்கள் தானாகவே தள்ளுபடி.

மகளுடைய வக்கீலின் குமாஸ்தா, ‘அவர் வீட்டு மனுதானே, அவரே பார்த்துக்கொள்வார்’ என்று மனுக்கட்டை அலமாரியில் போட்டுவிட்டார். இவரோ, ‘குமாஸ்தா கொண்டுவரட்டும்’ என்று ஜம்பமாக உட்கார்ந்திருந்தார்.

“அப்பா, மனு என்னாச்சு?” என்று வீட்டில் மகள் கேட்டாள்.

“ஆபீஸ் விஷயத்த இங்க பேசாத. அதது முறைப்படி நடக்கும்.”

முறைப்படித்தான் நடந்தது. பதினோராம் நாள் நாற்பத்திரண்டு மனு எண்களை மூச்சு விடாமல் வாசித்துத் தள்ளுபடி செய்தார்கள். மகளுடையதும் அதில் ஒன்று. நீதிபதி அதைப் பிரித்துக்கூடப் பார்க்கவில்லை. அதிலிருந்து மூன்றாம் நாள் அந்தக் கணவன் குழந்தையோடு விமானம் ஏறிவிட்டான்.

“பத்து நாள் கையில வெச்சுக்கிட்டு என்னய்யா பண்ண?” என்று ஜன்னலுக்குள்ளிருந்து குமாஸ்தாமேல் பாய்ந்தார்.

“உங்க பொண்ணு மனுவுக்கு நீங்க என்ன கிழிச்சீங்க, அதச் சொல்லுங்க சார் முதல்ல!”

வரிசையில் நின்றவர்கள் வாய்விட்டே சிரித்தார்கள். அவருக்கு நன்றாக வேண்டும். ஆனால் அந்தக் குழந்தை என்ன பாவம் செய்தது?

மறுவாரம், தள்ளுபடியை ரத்து செய்யக் கோரும் மனுவோடு மகளே வரிசையில் நின்றாள். வீட்டை விட்டுப் போய் ஐந்து நாளாகியிருந்தது. அவர் பதறி எழுந்தார்.

“உள்ள வாம்மா. வந்து உக்காரு.”

அவள் நகரவில்லை. முறை வரும்வரை நின்று, மனுக்கட்டை ஜன்னல் வழியாக நீட்டினாள்.

“சார், இதுல என்னென்ன குறைன்னு இன்னிக்கே மொத்தமா எழுதிக் குடுத்துடுங்க. லேட்டானா என் குழந்தைக்கு என் மூஞ்சியே மறந்துடும்.”