சூட்கேஸ் எடுக்கப் போய் ஒரு வாரத்தை வாங்கினோம்

எனக்கு ஒரு சூட்கேஸ் வேண்டியிருந்தது. எல்லாவற்றுக்கும் அதுதான் தொடக்கம்.

அந்த ஆகஸ்ட்டில் நானும் கணவரும் கனடாவுக்கு, ரொறன்ரோவில் இருக்கும் என் தங்கையிடம் போவதாக இருந்தோம். அவளை நேரில் கண்டு பத்தொன்பது வருடம். "லண்டனுக்கு ஒருக்கா வந்து போ" என்று நான் வருடாவருடம் கூப்பிடுவேன். "இந்தமுறை ஏலாதக்கா, லீவு இல்லை" என்று அவளும் வருடாவருடம் சொல்லுவாள். லீவே இல்லாத வேலை எந்த நாட்டில் இருக்கிறது? என்னை மறந்துவிட்டாள் என்றே நினைத்தேன். நினைத்து, கோபித்து, கடைசியில் ரோஷத்தைத் தூக்கி ஒரு பக்கம் வைத்துவிட்டு நானே போவதென்று முடிவெடுத்தேன். பஸ் ஓட்டும் கணவருக்கு இரண்டு கிழமை லீவு கிடைத்தது. பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை செய்யும் எனக்கு ஆகஸ்ட் முழுக்க விடுமுறை. மாதாமாதம் மிச்சம் பிடித்ததும் டிக்கெட்டுக்குச் சரியாக வந்திருந்தது. பழைய சூட்கேஸுக்குத்தான் உருள ஒரு சில்லு இல்லை.

நாங்கள் இருப்பது பார்க்கிங்கில். கார் நிறுத்துகிற இடத்தில் அல்ல, கிழக்கு லண்டனில் அப்படி ஒரு ஊர். புதிதாகக் கேட்பவர்கள் ஒருமுறை சிரித்துவிட்டுத்தான் அடுத்த கேள்வியைக் கேட்பார்கள். ஒரு சனிக்கிழமை அங்கே கடைத்தெருவில் ஒரு பெண் சுரண்டும் அட்டை ஒன்றைக் கணவரின் கையில் திணித்தாள். அவர் சுரண்டினார். பரிசு, சில்லு வைத்த சூட்கேஸ் இரண்டு. மறுநாள் நகரத்து ஹோட்டல் ஒன்றுக்குப் போய், விடுமுறைகளைப் பற்றி ஒருவர் ஒன்றரை மணி நேரம் பேசுவதைக் கேட்டால் போதும், கையோடு எடுத்து வரலாம். ஓசியில் கிடைத்தால் எனக்கொன்று, என் அப்பனுக்கொன்று என்கிற இனம்தானே நாமும். ஞாயிறு பூசை முடிந்த கையோடு போனோம்.

பேசியவர் முப்பது வயது மதிக்கத்தக்க வெள்ளைக்காரப் பிள்ளை. நல்ல மரியாதை. தேநீர், பிஸ்கட், பிறகும் தேநீர். அவர் விற்றது டைம்ஷேர். ஸ்பெயினைச் சேர்ந்த ஒரு தீவில் நீச்சல்குளத்தோடு ஒரு வீடு. அந்த வீடு நமக்குச் சொந்தமில்லை, அதில் வருடத்துக்கு ஒரு வாரம் மட்டும் நமக்குச் சொந்தம். காணி வாங்குகிறவர்களைக் கண்டிருக்கிறேன், நகை வாங்குகிறவர்களைக் கண்டிருக்கிறேன். ஒரு கிழமையை வாங்குகிறவர்களை அன்றுதான் கண்டேன்.

இந்த இடத்தில் எங்கள் வியாதியைச் சொல்லிவிட வேண்டும். ஒருவரின் முகத்துக்கு நேரே "வேண்டாம்" என்று சொல்ல எங்களுக்கு வராது. முகத்தாட்சண்யம் எங்கள் இரத்தத்தில் ஊறியது. மறுப்பதற்கென்றே நாங்கள் வேறு சொற்கள் வைத்திருக்கிறோம். "பாப்பம்" என்றால் இல்லை. "பிறகு சொல்லுறம்" என்றால் இல்லவே இல்லை. புறப்படும்போது "போறம்" என்பதும் வாயில் வராது, அது அபசகுனம். "போட்டு வாறம்" என்போம், திரும்பி வரும் எண்ணம் துளியும் இல்லாவிட்டாலும். தமிழில் சொன்னால் எவருக்கும் விளங்கும். என் கணவர் அதையெல்லாம் இங்கிலீஷில் சொன்னார்.

"வீ வில் ஸீ," என்றார் முதலில்.

"கட்டாயம் பார்க்கலாம்," என்று அந்தப் பிள்ளை மகிழ்ந்துபோய், திரையில் அந்தத் தீவைப் பற்றி இருபது நிமிடப் படம் ஒன்றைப் போட்டார்.

ஒன்றரை மணி நேரம் மூன்று மணி நேரமானது. பொறுக்க முடியாமல் கணவரை முழங்கையால் இடித்தேன். அவர் எழுந்து நின்று, கைகுலுக்கி, வாய் நிறையச் சிரித்தபடி, "வீ வில் கோ அண்ட் கம்," என்றார். அந்தப் பிள்ளை கழிவறை இருக்கும் பக்கத்தைக் கைகாட்டி, "ஆறுதலாக வாருங்கள், உங்கள் தேநீரை நான் பார்த்துக்கொள்கிறேன்," என்றார்.

வெளியே நடைவழியில் நின்று, "இப்பிடியே ஸ்டேஷனுக்குப் போவம், வாங்கோ," என்றேன்.

"வாறம் எண்டு சொல்லிப்போட்டு என்னெண்டு போறது? அந்தப் பொடியன் எங்கட தேத்தண்ணிக்குக் காவல் இருக்கிறான்."

"அதுக்கு?"

"சூட்கேஸும் உள்ளுக்கைதானே இருக்கு."

சூட்கேஸ் என்றதும் நானும் வாயை மூடிக்கொண்டேன். திரும்பிப் போனோம். அதற்குப் பிறகு எங்கள் தலைகள் எதற்கெல்லாம் ஆடின என்று எனக்கு நினைவில்லை. ஐந்து மணிக்கு வெளியே வந்தபோது எங்களிடம் இரண்டு சூட்கேஸும், ஆகஸ்ட் மாதத்தின் மூன்றாவது வாரமும் இருந்தன.

ரயிலில் தாள்களை விரித்து வாசித்தபோதுதான் வில்லங்கம் விளங்கியது. அந்த வாரம் நாங்கள் கனடாவில் இருக்கவேண்டிய வாரம். அடுத்த மாதம் தொடங்கி வருடக்கணக்கில் மாதாமாதம் கட்டணம். டிக்கெட்டுக்கு வைத்திருந்ததும், இனி மிச்சம் பிடிக்கப்போவதும் அதற்கே போய்விடும். இந்த வருடம் மட்டுமல்ல, இனி எந்த வருடமும் தங்கையின் முகத்தைப் பார்க்க முடியாது. வேலியில் போன ஓணானைப் பிடித்துக் காதுக்குள் விட்ட கதையாகிவிட்டது. ரயில் என்றும் பாராமல் கணவரை ஏசினேன். அவருடைய கையெழுத்துக்குப் பக்கத்தில் என் கையெழுத்தும், அதைவிட வடிவாக, இருந்ததை அவர் சொல்லிக்காட்டவில்லை. நல்ல மனுசன்.

மறுநாள் சமையலறையில் கரட் வெட்டிக்கொண்டிருந்தபோது, "யார் செத்தது?" என்று என்னோடு வேலை செய்கிறவள் கேட்டாள். அவள் பார்க்கிங்கிலேயே பிறந்து வளர்ந்த வெள்ளைக்காரி, வாயில் ஒளிவுமறைவு கிடையாது. நடந்ததைச் சொன்னேன். கத்தியைக்கூடக் கீழே வைக்காமல், "பதினான்கு நாள் இருக்கிறதே," என்றாள். டைம்ஷேர் வாங்கியவர் மனம் மாறினால் பதினான்கு நாட்களுக்குள் எழுத்தில் அறிவித்து விலகலாமாம். காரணம் சொல்லத் தேவையில்லை. அதுவரை அவர்கள் ஒரு பென்ஸ் காசும் வாங்கக்கூடாது, அது சட்டம் என்றாள். அவளுடைய மச்சாள் ஒருத்தி அப்படித்தான் விலகினாளாம். "தாள்களின் கடைசியில் ஒரு படிவம் இருக்கும். நிரப்பி அனுப்பிவிடு. முடிந்தது."

படிவம் இருந்தது. அதில் ஒரே ஒரு வசனம்தான். ஒப்பந்தத்திலிருந்து விலகுகிறேன் என இதன்மூலம் அறிவிக்கிறேன். கீழே பெயர், முகவரி, கையெழுத்து, திகதி. வாசித்ததும் எங்கள் இருவருக்கும் முகம் சுருங்கிவிட்டது. அத்தனை தேத்தண்ணி ஊற்றித் தந்த பிள்ளைக்கு இப்படியா எழுதுவது? படிவத்தை ஒதுக்கிவிட்டு நானே இங்கிலீஷில் ஒரு கடிதம் எழுதினேன். தமிழில் சொன்னால் இப்படி வரும்:

"அன்புள்ள ஐயா, அன்று நீங்கள் எங்களை உபசரித்த விதத்தை மறக்கமாட்டோம். வீடு மிக அழகு. இப்போதைக்கு எங்களுக்குக் கொஞ்சம் வசதிப்படாமல் இருக்கிறது. பிறகு பார்ப்போம். உங்கள் வீட்டாரையும் கேட்டதாகச் சொல்லவும். போய் வருகிறோம்."

கணவர் இரண்டு முறை வாசித்தார். "கொஞ்சம் கடுமையாய் இருக்கேல்லையே?"

"இருக்கட்டும். அப்பதான் விளங்கும்," என்றேன். செவ்வாய்க்கிழமை தபாலில் போட்டோம். அன்றிரவு நிம்மதியாகத் தூங்கினேன்.

அடுத்த வாரம் வியாழக்கிழமை பின்னேரம் அந்தப் பிள்ளை போன் எடுத்தார். எங்கள் கடிதம் கிடைத்ததாம். இவ்வளவு அன்பாக ஒருவரும் அவர்களுக்கு எழுதியதில்லையாம். அலுவலகத்துச் சுவரில் ஒட்டியிருக்கிறார்களாம். "ஆகஸ்ட் வசதிப்படாது என்று விளங்கிக்கொண்டேன். ஒக்டோபரில் ஒரு வாரம் இருக்கிறது. மாற்றித் தரட்டுமா?" என்று கேட்டார். கணவர் போனைப் பிடித்தபடி என்னைப் பார்த்தார். அவர் வாயைத் திறப்பதற்குள் போனைப் பறித்துத் துண்டித்தேன். மரியாதையில்லாத வேலைதான். ஆனால் அவர் வாயில் "பாப்பம்" வந்து நின்றதை நான் கண்ணால் கண்டேன்.

வெள்ளிக்கிழமை கடிதத்தின் பிரதியைக் கொண்டுபோய்ச் சமையலறைக்காரியிடம் கொடுத்தேன். அவள் வாசித்துவிட்டு உருளைக்கிழங்கு மூட்டையின் மேல் உட்கார்ந்து கண்ணீர் வரச் சிரித்தாள்.

"இதில் எந்த இடத்தில் நீ விலகியிருக்கிறாய்?"

"பிறகு பார்ப்போம் என்று எழுதியிருக்கிறேனே."

"அதற்கு அர்த்தம், பிறகு பார்ப்போம் என்பதுதான்."

எனக்குச் சுர்ரென்று ஏறியது. "எங்கள் ஊரில் நாய்க்குட்டிக்குக்கூட அது விளங்கும்," என்றேன்.

"உங்கள் ஊர் நாய்க்குட்டி டைம்ஷேர் விற்கவில்லையே," என்றாள். பிறகு சிரிப்பை நிறுத்தி, விரல் விட்டு எண்ணினாள். ஞாயிற்றுக்கிழமையோடு பதினான்கு நாள் முடிகிறது. இன்னும் இரண்டே நாள். தங்கைக்கு என்ன சொல்வது? பத்தொன்பது வருடம் கழித்து வருகிறேன் என்று சொல்லிவிட்டு, ஒரு நீச்சல்குளத்துக்காக வரவில்லை என்றா?

பிள்ளைகள் சாப்பிட வரும்வரை பத்து நிமிடம் இருந்தது. அவள் அகப்பையை எடுத்துக்கொண்டு கவுண்டருக்கு அந்தப் பக்கம் போய் நின்று, "இன்னும் கொஞ்சம் கிழங்கு வேண்டுமா?" என்று கேட்டாள். நான் "நோ" என்று மட்டும் சொல்ல வேண்டும். முதல் முறை "நோ, தாங்க்யூ" என்றேன். இரண்டாவது முறை "நோ, ஸாரி" என்றேன். மூன்றாவது முறை என்னை அறியாமல் தட்டை நீட்டிவிட்டேன். ஐந்தாவது முறை நான் கத்திய "நோ"வுக்குத் தலைமைச் சமையல்காரர் களஞ்சிய அறையிலிருந்து எட்டிப் பார்த்தார். "இதைத்தான் எழுத வேண்டும். ஒரு சொல்லும் கூடக்கூடாது," என்றாள் அவள்.

சனிக்கிழமை காலை படிவத்தைச் சாப்பாட்டு மேசையில் வைத்து இருவரும் எதிரும் புதிருமாக உட்கார்ந்தோம். பெயர் எழுதினோம். முகவரி எழுதினோம். கையெழுத்து வைத்தோம். கீழே நாலு விரல் அகலத்துக்கு வெறும் இடம் கிடந்தது.

"இஞ்சேரும், இதில ஒரு நன்றியாவது போடுவமே?" என்றார் கணவர்.

"பேனையை வையுங்கோ."

"சின்னனாய்."

"வையுங்கோ எண்டுறன்!"

அவர் வைத்தார். எனக்கும் அந்த வெறும் இடத்தைப் பார்க்கக் கை துருதுருத்தது உண்மை. தாளைப் படம் பிடித்து ஈமெயிலில் அனுப்பினேன். பிறகு மூலத் தாளைப் பதிவுத் தபாலில் போட்டுப் பற்றுச்சீட்டை வாங்கினோம். வரும் வழியில் இருவரும் யாருக்கோ கல்லெறிந்துவிட்டு வருகிறவர்கள் போலத் தலையைக் குனிந்துகொண்டு நடந்தோம்.

நான்கு நாட்கள் எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. அந்த நாட்களில் தங்கை இரண்டு முறை கூப்பிட்டாள், நான் எடுக்கவில்லை. புதன்கிழமை பதில் வந்தது. உங்கள் விலகல் ஏற்றுக்கொள்ளப்பட்டது, நீங்கள் எதுவும் செலுத்தவேண்டியதில்லை, சூட்கேஸுகளை வைத்துக்கொள்ளலாம். அந்தப் பிள்ளைக்குக் கோபம் இருந்ததாகவே தெரியவில்லை. கடைசியில் நல்ல நாளாகட்டும் என்று வேறு எழுதியிருந்தார். நான் வீட்டுச் சமையலறையில் துள்ளியதைக் கண்டு கணவர் அடுப்பில் ஏதோ பற்றிவிட்டது என்று ஓடிவந்தார்.

உடனே தங்கைக்குப் போன் எடுத்து, சிரிக்கச் சிரிக்க முழுக் கதையையும் சொன்னேன். தேத்தண்ணிக் காவல், கடிதம், கிழங்கு, எல்லாம். அவள் சிரிப்பாள் என்று நினைத்தேன்.

"அக்கா," என்றாள். "என்னட்டையும் ஒண்டு இருக்கு."

"என்ன இருக்கு?"

"இது. டைம்ஷேர், புளோரிடாவில. பதினொரு வருசமாச்சு. விலகலாமெண்டு எங்களுக்கு ஒருத்தரும் சொல்லேல்லை, நாங்களும் வாசிக்கேல்லை. கட்டின காசு வீணாய்ப் போகக்கூடாதெண்டு ஒவ்வொரு லீவுக்கும் அங்கதான் போறம். லண்டனுக்கு வர மிஞ்சினதே இல்லை. வெட்கத்தில உங்களுக்குச் சொல்லேல்லை. இந்தமுறை நீங்கள் வாறீங்கள் எண்டதும், நாங்கள் வரேல்லை எண்டு அவங்களுக்குச் சொல்லிப்போட்டன். அது பூட்டிக் கிடக்கட்டும்."

பதினொரு வருடம் இவள் என்னை மறந்து எங்கோ சந்தோஷமாக இருக்கிறாள் என்று நான் பொருமிக்கொண்டிருந்தேன். அவளோ ஒவ்வொரு வருடமும், பிடிக்காத ஒரு நீச்சல்குளத்தின் கரையில், எனக்குச் சொல்ல முடியாத வெட்கத்தோடு உட்கார்ந்திருந்திருக்கிறாள்.

"ஏனடி முதலே சொல்லேல்லை?" என்றேன். அழுகை வந்துவிட்டது.

"நீங்கள் ஏசுவீங்கள் எண்டு."

"ஏசத்தான் போறன். நேரில வந்து ஏசுறன். எயார்போட்டில வந்து நில்."